அண்ணன் எப்படிப்பட்டவன்?

சீட்டைப் பிரித்ததும் சுண்டுவுக்குத் திக்கென்றது. உள்ளே 'அண்ணன்' என்று ஒரே ஒரு சொல்.

இலக்கிய டீச்சர் தன் சாப்பாட்டு டப்பாவைக் கழுவித் துடைத்து, அதற்குள் சீட்டுகளைப் போட்டுக் குலுக்கி, வகுப்பு முழுக்க நீட்டிக்கொண்டே வந்திருந்தார். துணைப்பாட நூலில் உள்ள கதைகளிலிருந்து ஆளுக்கொரு பாத்திரம். யார் கைக்கு யார் வருகிறாரோ அவரைப் பற்றி எழுதி வர வேண்டும்.

"கதையைச் சுருக்கி எழுதிட்டு வந்தா அப்படியே திருப்பிக் குடுத்துடுவேன்" என்றார் டீச்சர். "கதை எனக்கும் தெரியும். அந்த ஆள் எப்படிப்பட்டவர், அதுதான் வேணும். அவர் என்ன பேசறார், என்ன செய்றார், மத்தவங்க அவரைப் பத்தி என்ன சொல்றாங்க, ஆரம்பத்துல இருந்த மாதிரியே கடைசிலயும் இருக்காரா, எல்லாத்தையும் பாருங்க. நல்லவர்னு எழுதினா எந்த வரியை வெச்சு சொல்றீங்கன்னு காட்டணும். கெட்டவர்னு எழுதினாலும் அதே கதைதான். உங்க மனசுல தோணறதையெல்லாம் அவர் தலைல கட்டக் கூடாது."

கடைசி பெஞ்சிலிருந்து ஒருவன் எழுந்தான். "மிஸ், அந்த பஸ் ஸ்டாண்டு அண்ணன் யார்கிட்ட மாட்டியிருக்கான்? ரெண்டே வார்த்தைல முடிச்சுடலாம் மிஸ். சரியான உம்மணாமூஞ்சி."

வகுப்பே சிரித்தது. சுண்டு சீட்டைச் சின்னதாக மடித்துப் பேனா டப்பாவுக்குள் போட்டாள். பார்க்க ஆள் சின்னதாக இருப்பாள் என்பதால் வீட்டில் வைத்த பெயர் சுண்டு. பள்ளியிறுதி வகுப்புக்கு வந்த பிறகும் அது அவளை விடவில்லை.

அந்தக் கதை பத்துப் பக்கம்கூட வராது. தாய் தகப்பன் இல்லாத வீட்டில் ஒரு அண்ணனும் தங்கையும். தங்கைதான் கதையைச் சொல்கிறாள். அவளுக்கு வெளியூரில் மேல்படிப்புக்கு இடம் கிடைக்கிறது. போக வேண்டும் என்று கொள்ளை ஆசை. அண்ணன் போ என்றும் சொல்வதில்லை, போகாதே என்றும் சொல்வதில்லை. பெட்டியின் பூட்டு உடைந்திருப்பதைப் பார்த்து, கட்டுவதற்கு ஒரு கயிறு எடுத்துக் கொடுக்கிறான். கடைசியில், மழை கொட்டும் ஒரு காலையில் பேருந்து நிலையத்துக்குக் கூட வருகிறான். வண்டி புறப்படும்போது தங்கை ஜன்னலுக்கு வெளியே கையை நீட்டி ஆட்டுகிறாள். 'அண்ணன் கையைத் தூக்கவில்லை' என்பதோடு கதை முடிந்துவிடும்.

வகுப்பில் யாருக்கும் தெரியாத ஒன்று சுண்டுவுக்குத் தெரியும். புனைபெயரில் அந்தக் கதையை எழுதியது அவளுடைய சொந்த அத்தை. அப்படியானால் அந்த உம்மணாமூஞ்சி யார் என்று தனியாகச் சொல்ல வேண்டுமா? அன்று காலையில்தான் அப்பா அவளுடைய சைக்கிளுக்குக் காற்றடித்து, செயினுக்கு எண்ணெய் விட்டு அனுப்பியிருந்தார்.

அவர்கள் வீடு மாடியில். கீழே அப்பாவின் பட்டறை. துணி துவைக்கும் மெஷின்களைப் பிரித்துச் சரிசெய்து கொடுப்பது அவர் தொழில். உள்ளே போனால் வரிசையாக வெள்ளைப் பெட்டிகள், முதுகைத் திறந்துகொண்டு நிற்கும். கவிழ்த்துப்போட்ட டிரம்கள்தான் வருகிறவர்களுக்கு நாற்காலி. ஈரமும் சோப்பும் கிரீஸும் கலந்த ஒரு வாசனை, மாடிப்படியில் பாதி வரைக்கும் ஏறி வரும். அப்பா அதிகம் பேசமாட்டார். ஆனால் பாடுவார். மோட்டாருக்கு பெல்ட் மாட்டும்போது மட்டும் தானாக ஒரு பாட்டு கிளம்பும். சுருதியும் இருக்காது, வார்த்தையும் இருக்காது. பெல்ட் உட்கார்ந்ததும் பாட்டும் நின்றுவிடும்.

சுண்டுவுக்கு எழுதுவது சுலபமாகத்தான் இருந்தது. உட்கார்ந்த இடத்தில் மூன்று பக்கம் எழுதிவிட்டாள். அண்ணன் பாசக்காரன். மோட்டாருக்கு பெல்ட் மாட்டும்போது பாடுவான். வீட்டில் யாருக்காவது காய்ச்சல் என்றால் அவன் கை நெற்றியை விட்டு நகராது. யாராவது பாராட்டினால் காது சிவந்துபோய், கையில் இருக்கும் ஸ்க்ரூவை இன்னொரு முறை முறுக்குவான். எழுதி முடித்தபோது, கடைசி பெஞ்சுக்காரனுக்குச் சரியான பதில் கொடுத்துவிட்டது போலத் திருப்தியாக இருந்தது.

தாள் திரும்பி வந்தபோது ஓரமெல்லாம் சிவப்பு. 'எந்தப் பக்கம்?' 'எந்த வரி?' 'கதையில் யாருக்கும் காய்ச்சலே வரவில்லையே?' 'அண்ணன் எங்கே பாடினான்?' அடியில் இப்படி எழுதியிருந்தார்: 'நீ வேறு யாரையோ எழுதியிருக்கிறாய். ரொம்ப நன்றாக இருக்கிறார். ஆனால் இவர் இந்தக் கதையில் இல்லை. மறுபடி எழுது.'

சுண்டுவுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. ஆனால் டீச்சர் சொன்னதில் தப்பு இல்லை. அன்று சாயங்காலம் புத்தகத்தை எடுத்து வைத்துக்கொண்டு, இந்த அண்ணனை எனக்கு முன்பின் தெரியாது என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டு முதல் வரியிலிருந்து படித்தாள்.

முன்பின் தெரியாத ஆளாகப் பார்த்தால் அந்த அண்ணன் பயங்கரமாக இருந்தான். கதை முழுக்க அவன் பேசுவதை விரல்விட்டு எண்ணிவிடலாம். 'விளக்கை அணை.' 'கயிறு போதுமா?' 'பஸ் வந்துடுச்சு.' இடம் கிடைத்த கடிதத்தைத் தங்கை காட்டும்போது, அவன் அதை வாங்கிப் பார்த்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் சாப்பிட உட்காருகிறான். பக்கத்து வீட்டு அம்மா, 'உங்க அண்ணன் கல்லுடி, தண்ணி ஊத்தினாலும் நனையாது' என்கிறாள். தங்கை அதை மறுத்து ஒரு வார்த்தை பேசுவதில்லை. கடைசியில் கையைக்கூடத் தூக்குவதில்லை.

வரிகளை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டி சுண்டு இரண்டாவது முறை எழுதினாள். இந்தத் தடவை டீச்சரால் ஒரு கேள்விகூடக் கேட்க முடியாது. 'ஆகவே, அண்ணன் அன்பைக் காட்டத் தெரியாதவன் மட்டுமல்ல. அன்பே இல்லாதவன் என்றுதான் கதையிலிருந்து தெரிகிறது' என்று முடித்துவிட்டு, தாளைச் சாப்பாட்டு மேசையில் போட்டுவிட்டுக் குளிக்கப் போனாள்.

தலையைத் துவட்டிக்கொண்டு வெளியே வந்தால், அப்பா மேசை முன்னால் உட்கார்ந்திருந்தார். மூக்குக் கண்ணாடி போட்டிருந்தார். வரிக்குக் கீழே விரலை ஓட்டியபடி படித்துக்கொண்டிருந்தார். கையைக் கழுவியும் நகக்கண்ணில் கறுப்பு போகவில்லை. தாளில் பட்டுவிடக் கூடாது என்று விரலைக் கொஞ்சம் தூக்கியே வைத்திருந்தார்.

"அப்பா, அது... ஸ்கூல்ல எழுதச் சொன்னாங்க. கதைல வர ஒரு ஆளைப் பத்தி."

"ம்."

அவர் கடைசி வரி வரைக்கும் விடாமல் படித்தார். பிறகு தாளை எடுத்து மேசை ஓரத்தில் ஈரம் படாத இடமாகப் பார்த்து வைத்தார்.

"சரியாத்தான் எழுதியிருக்க" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, "கையெழுத்து நல்லா வந்திருக்கு" என்றும் சொன்னார்.

தட்டில் போட்டதைச் சாப்பிட்டார். இன்னொரு கரண்டி வைக்க வந்த சுண்டுவிடம் போதும் என்று கையைக் காட்டிவிட்டுக் கீழே இறங்கிப் போய்விட்டார். அன்று பட்டறையிலிருந்து பாட்டு எதுவும் கேட்கவில்லை.

அம்மா மருந்துக்கடையில் வேலை பார்ப்பவள். வந்ததும் வராததுமாகச் செருப்பைக் கழற்றும்போதே மகளின் முகத்தைப் பார்த்துவிட்டு, "என்னடி, பேயறைஞ்ச மாதிரி உக்காந்திருக்க?" என்றாள். சுண்டு தாளைக் காட்டினாள். அம்மா அதை நின்றபடியே படித்தாள்.

"அப்பாவுக்கு அந்தக் கதை தெரியாதுன்னு நெனச்சேன்மா."

"தெரியாதா? பத்திரிகைல வந்தப்பவே படிச்சாச்சு. நீ அப்போ பொறக்கவே இல்ல. யாரோ ஒருத்தர் மெஷினைக் குடுத்துட்டு அது மேல பத்திரிகையை மறந்து வெச்சுட்டுப் போயிட்டாங்க. இவரு நின்னுக்கிட்டே புரட்டினவரு, நின்னுக்கிட்டே படிச்சாரு. அன்னிக்கு முழுக்க ஒரு ஸ்க்ரூவைக்கூடக் கழட்டல."

"அத்தைன்னு எப்படித் தெரிஞ்சுது? பேருதான் வேற பேராச்சே."

"பேரு வேறன்னா? பெட்டிக்குக் கயிறு எடுத்துக் குடுத்தது யாருன்னு அவருக்குத் தெரியாதா?"

"அத்தைகிட்ட ஒண்ணும் கேக்கலையா?"

"என்னன்னு கேக்கறது? என்னைப் பத்தி ஏன் உள்ளதை எழுதினன்னா?" அம்மா தாளை மடித்து அவள் கையில் கொடுத்தாள். "உங்க அத்தை இவரு படிக்கவே இல்லன்னு நெனச்சுக்கிட்டு இருக்கா. இவரு, அவ மனசுல நாம இப்படித்தான் இருக்கோம்போலன்னு நெனச்சுக்கிட்டு இருக்காரு. நடுவுல நான் என்னத்தைச் சொல்றது?"

சுண்டுவுக்கு இப்போது பல விஷயங்கள் புரிந்தன. அத்தை வெளியூரில் ஒரு கட்டட அலுவலகத்தில் வரைபடம் போடுகிறாள். வருஷத்தில் இரண்டு மூன்று தடவை வருவாள். வரும்போதெல்லாம் பழுதான சாமான் எதையாவது பையில் போட்டுக்கொண்டு வருவாள். மிக்சி, இஸ்திரிப் பெட்டி, ஒரு தடவை வெறும் டார்ச் லைட். "நல்லா இருக்கியா அண்ணா?" என்பாள். அப்பா, "ம். என்ன ஆச்சு இதுக்கு?" என்று சாமானை வாங்கிக்கொள்வார். திரும்பிப் போகும்போது அது ஓடும். அண்ணன் தங்கை பேச்சு அவ்வளவுதான்.

மறுநாள் பள்ளி விடுமுறை. தாளை இன்னும் கொடுக்கவில்லை. இப்படியே கொடுத்தால் நல்ல மதிப்பெண் வரும். ஆனால், 'சரியாத்தான் எழுதியிருக்க' என்று அப்பா சொன்ன குரல் காதை விட்டுப் போகவில்லை. சுண்டு புத்தகத்தை எடுத்துக்கொண்டு மாடிப்படி நடுவில் போய் உட்கார்ந்தாள்.

முதல் தடவை அண்ணனைக் காப்பாற்றுவதற்காகப் படித்தாள். இரண்டாவது தடவை அவன்மேல் வழக்குப் போடுவதற்காகப் படித்தாள். இப்போது இரண்டையும் விட்டுவிட்டு, அவன் எங்கே நிற்கிறான், கையில் என்ன வைத்திருக்கிறான் என்று மட்டும் பார்த்துக்கொண்டே போனாள்.

முதல் பக்கத்தில் ஒரு வரி இருந்தது. 'அண்ணன் தோளில் துண்டு இல்லாமல் நான் பார்த்ததே இல்லை. தூங்கும்போதுகூட அது அவன் தலைக்கடியில் இருக்கும்.'

அதை எத்தனையோ தடவை தாண்டிப் போயிருக்கிறாள். இப்போதும் தாண்டிப் போய்விட்டாள். பேருந்து நிலையம் வந்தது. மழை. ஒரே கூட்டம். 'பஸ் உள்ளே திரும்பும்போது பார்த்தால் பக்கத்தில் அண்ணனைக் காணவில்லை. இந்த நேரத்தில்கூட எங்கேயோ போய்விட்டானே என்று எரிச்சலாக வந்தது.' தங்கை தானே பெட்டியை இழுத்துக்கொண்டு, இடிபட்டு மிதிபட்டு ஏறுகிறாள். உள்ளே நிற்கவும் இடமில்லை. 'நல்லவேளை, ஜன்னலோரம் ஒரே ஒரு இருக்கையில் ஆள் இல்லை. ஒரு ஈரத்துண்டு மட்டும் கிடந்தது. யாரும் வந்து கேட்கவில்லை. அதை ஓரமாகத் தள்ளிவிட்டு உட்கார்ந்துகொண்டேன்.' திரும்பிப் பார்த்தால் அண்ணன் கீழே நிற்கிறான். 'சட்டைக் கையால் முகத்தில் வழிந்த மழையைத் துடைத்துக்கொண்டான்.'

சட்டைக் கையால்.

சுண்டு முதல் பக்கத்துக்குத் திரும்பிப் போனாள். மறுபடி கடைசிப் பக்கத்துக்கு வந்தாள். தூங்கும்போதுகூடத் துண்டைப் பிரியாதவன், மழையில் நனைந்து நிற்கும்போது ஏன் சட்டைக் கையால் துடைக்கிறான்? துண்டு எங்கே போயிற்று?

கீழே பட்டறையில் சுத்தியல் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. ஓடிப்போய்க் கேட்டுவிடலாம். எழுந்துகூட விட்டாள். பிறகு, அப்பா சொன்னார் என்று எழுத முடியாது, கதையில் இருப்பதைத்தான் எழுத முடியும் என்று மறுபடி உட்கார்ந்தாள்.

மூன்றாவது தாள் ஒன்றரைப் பக்கம்தான் வந்தது. அண்ணன் பேசுவதை வைத்துப் பார்த்தால் அவனைப் பற்றி ஒன்றும் தெரியாது. பக்கத்து வீட்டு அம்மா சொல்வதை வைத்துப் பார்த்தால் தப்பாகத் தெரியும். அவன் செய்வதைப் பார்க்க வேண்டும், அதுவும் தங்கை பார்க்காத நேரத்தில் அவன் செய்வதை. பஸ் நிற்பதற்குள் ஓடிப்போய் இடம் போட்டவன் அவன்தான் என்பதற்கு மூன்று வரிகளைக் காட்டினாள். இத்தனையும் செய்தவன் ஏன் கையைத் தூக்கவில்லை என்பதற்கு எந்த வரியும் அவளுக்குக் கிடைக்கவில்லை. அதனால், 'அது எனக்குத் தெரியவில்லை. தங்கைக்கும் தெரியவில்லை. அதனால்தான் அவள் அந்த இடத்தில் கதையை நிறுத்திவிட்டாள் என்று நினைக்கிறேன்' என்று எழுதி முடித்தாள்.

இலக்கிய டீச்சர் வகுப்பு முடிந்ததும் அவளை நிற்கச் சொன்னார். மேசைமேல் துணைப்பாட நூல் திறந்திருந்தது. அந்த மூன்று வரிகளுக்குக் கீழேயும் பென்சில் கோடு.

"எத்தனை வருஷமா இந்தக் கதையை நடத்திக்கிட்டிருக்கேன்" என்றார். "அந்தத் துண்டு என் கண்ணுல படவே இல்ல, பாரேன். யாரு இடம் போட்டாங்கன்னு யோசிக்காம நானும் அந்தப் பொண்ணு மாதிரியே உக்காந்துட்டேன்." புத்தகத்தை மூடினார். "எழுதினவங்க வேணும்னே வெச்சாங்களா, அவங்களுக்கே தெரியாம வந்து விழுந்துச்சா? கேக்கணும்போல இருக்கு. யாரைப் போய்க் கேக்கறது?"

"கேக்கலாம் மிஸ்" என்றாள் சுண்டு. "எங்க அத்தைதான்."

டீச்சர் அவளை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு ஏதோ பிடிபட்டது போல அவர் முகம் மாறியது.

"அப்போ மொதல் தடவை நீ எழுதினியே, பெல்ட் மாட்டும்போது பாடற ஆளு?"

"எங்கப்பா."

"அட ராமா" என்று டீச்சர் நாற்காலியில் சாய்ந்தார். "அவரைப் போய்க் கதைல இல்லவே இல்லன்னு எழுதிட்டேனே."

சாயங்காலம் சுண்டு அத்தைக்குப் போன் போட்டாள். விஷயத்தைச் சொன்னதும் அத்தை சிரித்தாள். "எந்தத் துண்டுடி? நான் துண்டெல்லாம் எழுதலையே."

"எழுதியிருக்கீங்க அத்தை. கடைசிப் பக்கத்துக்கு முன்பக்கம். புத்தகத்தை எடுங்க."

அலமாரி திறக்கும் சத்தமும் தாள் புரளும் சத்தமும் கேட்டன. பிறகு ரொம்ப நேரம் ஒன்றும் கேட்கவில்லை. லைன் போய்விட்டதோ என்று சுண்டு போனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தாள்.

"அத்தை?"

"இருக்கேன்." குரல் வேறு யாருடையதோ போல இருந்தது. "எனக்கு அன்னிக்கு இருந்த பரபரப்புல அதை உத்துக்கூடப் பாக்கலடி. இடம் கெடச்சுதே போதும்னு இருந்துச்சு. எழுதும்போதும் கண்ணுல பட்டதையெல்லாம் எழுதினேன், அவ்வளவுதான். அது யாரோடதுன்னு... யாரோடதுன்னு நான் யோசிக்கவே இல்லையே."

"துண்டை என்ன பண்ணீங்க?"

"தெரியல. அங்கேயே போட்டுட்டு எறங்கியிருப்பேன்."

ஞாயிற்றுக்கிழமை அத்தை வந்துவிட்டாள். தோள்பை தவிர கையில் எதுவும் இல்லை. மாடிக்கு வராமல் நேராகப் பட்டறைக்குப் போனாள். கைக்குழந்தை வைத்திருக்கிற வீட்டு மெஷின் ஒன்று அவசரமாக வந்திருந்ததால், ஞாயிற்றுக்கிழமை என்றும் பாராமல் அப்பா அதன் முதுகைத் திறந்து வைத்திருந்தார்.

சுண்டு மாடிப்படியில் பதுங்கினாள். அம்மா பின்னாலேயே வந்து, "பெரியவங்க பேசறதை ஒட்டுக் கேக்கறியா?" என்று அவள் காதைப் பிடித்துத் திருகிவிட்டு, தானும் ஒரு படி மேலே உட்கார்ந்துகொண்டாள்.

"வா பாப்பா" என்றது அப்பாவின் குரல். தலை நரைக்க ஆரம்பித்த தங்கையை அவர் இன்னமும் அப்படித்தான் கூப்பிடுவார். "என்ன கொண்டு வந்திருக்க?"

"ஒண்ணும் கொண்டு வரல."

"போன தடவை பாத்த மிக்சி ஓடுதா?"

"ஓடுது. அண்ணா, பஸ்ல கெடந்துச்சே, அந்தத் துண்டு உன்னுதா?"

ஸ்பேனர் கீழே வைக்கப்படும் சத்தம் கேட்டது.

"பஸ் திரும்பும்போதே ஓடிப்போய் ஜன்னல் வழியாப் போட்டேன்" என்றார் அப்பா. "கூட்டம் அப்படி இருந்துச்சு. ராத்திரி வரைக்கும் போற வண்டி. நின்னுக்கிட்டே போயிருந்தா உன் காலு என்னத்துக்கு ஆகும்?"

"ஏன் சொல்லல?"

"சொல்றதுக்கு என்ன இருக்கு? உக்காந்தல்ல?"

அத்தை கவிழ்த்துப்போட்ட டிரம்மில் உட்கார்ந்துவிட்டாள். "நான் உன்னைத் தப்பா எழுதிட்டேன் அண்ணா. அதைப் புத்தகத்துல வேற போட்டு, ஊர்ப்பட்ட பிள்ளைங்க உன்னைத் திட்டிக்கிட்டிருக்கு."

"தப்பாவெல்லாம் எழுதல." அப்பா கந்தைத் துணியை எடுத்துக் கையைத் துடைத்துக்கொண்டார். படியிலிருந்து பார்க்கும்போது அவர் முகம் பாதிதான் தெரிந்தது. "துண்டு போட்டதும் நான்தான். கையைத் தூக்காததும் நான்தான். கோவத்துலதான் தூக்கல."

"கோவமா? என் மேலயா?"

"வேற யார் மேல? எல்லாத்தையும் நீயே முடிவு பண்ணிட்டு, கடுதாசி வந்தப்புறம் கொண்டுவந்து காட்டற. போகட்டுமா அண்ணான்னு ஒரு வார்த்தை கேட்டியா? பஸ்ல ஏறினப்புறமும் அப்படிச் சிரிக்கற. எனக்கு வயிறு எரிஞ்சுது. நீ நல்லா இருக்கணும்னுதான் இருந்துச்சு, எரியவும் எரிஞ்சுது. ரெண்டும்தான்."

அத்தை தலையைக் குனிந்துகொண்டாள். "கேட்டா வேண்டாம்னு சொல்லிடுவியோன்னு பயமா இருந்துச்சு."

"சொல்லியிருக்க மாட்டேன்." அப்பா கொஞ்சம் யோசித்தார். "சொல்லியிருந்தாலும் சொல்லியிருப்பேன். யாரு கண்டா? அதனால இப்ப வந்து என்னைத் தொடச்சு எடுத்து நல்லவனாக்காத. நம்ம சுண்டு ரெண்டு விதமா எழுதினா. கல்லுன்னு எழுதினதையும் படிச்சேன். நேத்து அவ பையை மேசைல விட்டுட்டுப் போயிருந்தா, துண்டு பத்தி எழுதினதையும் படிச்சேன். ரெண்டுலயும் நான்தான் இருக்கேன்."

படியில் சுண்டு மூச்சை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அம்மாவின் கை அவள் தோளைத் தொட்டது.

பட்டறையில் ஒரு குழாய் சொட்டிக்கொண்டிருந்தது. அத்தை அண்ணாந்து அண்ணனைப் பார்த்தாள்.

"ஒண்ணு கேக்கட்டுமா? இதையாவது கேட்டுடறேன். பஸ் போனப்புறம் நீ என்ன பண்ண?"

"எதுக்கு?"

"எனக்குத் தெரியாதே. நான் பஸ்ல போயிட்டேன், கதையும் என்கூடவே வந்துடுச்சு. நீ அங்கயே மழைல நின்னுட்ட. எத்தனையோ தடவை அடுத்த பக்கம் எழுதலாம்னு உக்காந்திருக்கேன். நீ திரும்பி நடக்கற வரைக்கும் எழுதுவேன். அதுக்கு மேல ஒரு அடி உன்னை எடுத்து வைக்க முடியல. நீ என்ன பண்ணியிருப்பன்னு எனக்கு ஒண்ணுமே தெரியல."

அப்பா மெஷினில் சாய்ந்துகொண்டார். சொல்வதா வேண்டாமா என்பது போலக் கந்தையை இரண்டாக மடித்தார், நான்காக மடித்தார்.

"என்ன பண்ணுவேன்? எதிர்ல ஒரு டீக்கடை இருந்துச்சு. மழைக்கு ஒதுங்கினேன். கடைக்காரர் என்ன வேணும்னாரு. ரெண்டு டீன்னு சொல்லிட்டேன்."

"ரெண்டா?"

"வாய்ப் பழக்கம். எங்க போனாலும் ரெண்டுதானே சொல்லுவோம், நமக்கு. அவரு ரெண்டு கிளாஸையும் கொண்டுவந்து வெச்சப்புறம்தான் எனக்கே உறைச்சுது. திருப்பிக் குடுக்கக் கூச்சமா இருந்துச்சு. யாரோ வராங்கன்னு சொல்லிட்டேன்."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன, ஒண்ணைக் குடிச்சேன். இன்னொண்ணைப் பாத்துக்கிட்டே நின்னேன். அது ஆறி ஏடு கட்டிப்போச்சு. கடைக்காரர் என்னையே பாக்கறாரு. சரின்னு அதையும் எடுத்துக் குடிச்சுட்டு வேலைக்குப் போயிட்டேன்."

"ஆறின டீ உனக்கு ஆகவே ஆகாதே."

"ஆகாதுதான்."

அத்தைக்கு முதலில் சிரிப்புதான் வந்தது. வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். சிரிப்பு எந்த இடத்தில் வேறாக மாறியது என்று படியில் இருந்தவர்களுக்குத் தெரியவில்லை. புடவைத் தலைப்பில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அவள் அழுதாள், சின்னப் பிள்ளை மாதிரி சத்தம் போட்டு. அப்பாவுக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. பக்கத்தில் வந்தார். தலையைத் தொடலாமா என்று கையை நீட்டினார். கை அழுக்காக இருந்ததைப் பார்த்துவிட்டு, முழங்கையை மடித்து, மணிக்கட்டுக்கு மேலே சுத்தமாக இருந்த இடத்தால் அவள் தலையை இரண்டு தடவை லேசாக இடித்தார்.

"எழுதிடாத இதை" என்றார்.

"எழுதுவேன்" என்றாள் அத்தை, தலைப்புக்குள்ளிருந்து.

"சரி. எழுதினா எனக்கு ஒரு புத்தகம் நீயே கொண்டுவந்து குடு. யாராவது மறந்து வெச்சுட்டுப் போற வரைக்கும் என்னால காத்துக்கிட்டிருக்க முடியாது."

அத்தை நிமிர்ந்தாள். அவருடைய முகத்தை வெகுநேரம் பார்த்தாள். மூக்கை உறிஞ்சிக்கொண்டு எழுந்து, "நாளைக்கு லீவு சொல்லிட்டு வந்திருக்கேன்" என்றாள்.

"அப்ப மேல போய் முகத்தைக் கழுவு. உங்க அண்ணி படில உக்காந்திருக்கா. நான் இதை மூடிட்டு வந்துடறேன். குழந்தை வெச்சிருக்கறவங்க, துணி மலையாக் குவிஞ்சிருக்கும்."

அம்மா நாக்கைக் கடித்துக்கொண்டு எழுந்தாள். சுண்டுவும் எழுந்தாள். ஆனால் அத்தை மேலே வரவில்லை. பையைக் கழற்றி ஒரு மெஷின்மேல் வைத்துவிட்டு, கீழே சுவரில் சாய்த்து வைத்திருந்த பின்பக்கத் தகட்டைத் தூக்கிக்கொண்டு வந்து அண்ணன் பக்கத்தில் மண்டியிட்டாள்.

"இப்படியா?"

"தலைகீழாப் பிடிச்சிருக்க. திருப்பு."

"இப்ப?"

"இன்னும் கொஞ்சம் மேல. ஆங், அங்கதான். ஆடாமப் பிடி" என்று அப்பா முதல் ஸ்க்ரூவை வைத்தார்.